நீதிமன்றப் படியும் நமது மானமும்

சீதனம் பற்றி எழுத இனி என்ன இருக்கிறது என்று நமது இலக்கியக் கூட்டங்களில் கேட்கப்படுகிறது. கேட்பவர்கள் இளையவர்கள் மட்டுமல்லர். நீண்ட காலமாக எழுதி வருகிறவர்களும் கேட்கிறார்கள். சீதனக் கதை புளித்துப் போய்விட்டதாம். குமர்ப் பிள்ளையின் பெருமூச்சும் வாப்பாவின் கடனும் வாசகனுக்கு மனப்பாடமாகிவிட்டதாம்.

இந்தக் கூற்றில் பாதி உண்மை உண்டு. நமது சீதனக் கதைகள் புளித்திருக்கின்றன. ஆனால் அதற்குக் காரணம், கதையை நாம் எப்போதும் ஒரே இடத்தில் முடித்துவிடுவதுதான். நிக்காஹ் நடந்தால் கதை முடிந்தது. நடக்காவிட்டாலும் முடிந்தது. நிக்காஹ்வுக்குப் பிறகு, பேசிய தொகையில் மிச்சம் இன்னும் வந்து சேரவில்லை என்று ஒருவன் தன் மனைவியின் கன்னத்தில் அறைகிற இரவு நமது கதைகளில் அபூர்வமாகவே வருகிறது. வந்தாலும் அவள் அழுகிறாள், அல்லது பொறுமை காக்கிறாள், அல்லது கிணற்றில் விழுகிறாள். நான் வாசித்த நமது கதைகளில் அடிபட்ட பெண் எவளும் நீதிமன்றத்துக்குப் போனதாக எனக்கு நினைவில்லை.

ஊரில் போகிறார்கள். சிலராவது போகிறார்கள். அவர்களுக்கு நாம் வைத்திருக்கும் பெயர் 'கோர்ட்டு ஏறினவள்' என்பது. இந்த ஒரு சொல்லை எதிர்த்தே இக்கட்டுரையை எழுதுகிறேன்.

2005 ஆம் ஆண்டின் 34 ஆம் இலக்க வீட்டு வன்முறைத் தடுப்புச் சட்டம் இந்த நாட்டின் சகல சமூகங்களுக்கும் உரியது. நான் ஆசிரியர் கலாசாலையில் பயிற்சி பெற்று வெளியேறிய காலத்தில்தான் அது நிறைவேறியது. அதன் பிறகு எத்தனையோ சுற்றறிக்கைகள் பாடசாலைகளுக்கு வந்தன. எத்தனையோ குத்பாக்கள் ஓதப்பட்டன. எத்தனையோ சிறுகதைத் தொகுதிகள் வெளியிடப்பட்டன. இச்சட்டம் என்ன சொல்கிறது என்று கேட்டால் படித்தவர்களே விழிக்கிறார்கள். ஆகவே அதைச் சற்று விரிவாகச் சொல்லிவிடுகிறேன்.

அடிபட்ட பெண், தான் வசிக்கும் இடத்துக்குரிய நீதவான் நீதிமன்றத்தில் விண்ணப்பிக்கலாம். அவள் சார்பில் பொலிஸ் உத்தியோகத்தரும் விண்ணப்பிக்கலாம். நிலைமை அவசரமானது என்று நீதவான் கண்டால் இடைக்காலப் பாதுகாப்புக் கட்டளையை உடனேயே வழங்கலாம். விசாரணைக்கான திகதி 14 நாட்களுக்குள் அமைய வேண்டும். விசாரணையின் பின் வழங்கப்படும் பாதுகாப்புக் கட்டளை 12 மாதங்கள் வரை நடைமுறையில் இருக்கும். அடித்தவன் அவளுடைய வீட்டுக்குள் நுழையக் கூடாது, வேலைத் தலத்துக்குப் போகக் கூடாது, அவளுடன் தொடர்பு கொள்ள முயலக் கூடாது என்றெல்லாம் கட்டளையிட முடியும். குடியிருக்கும் வீட்டை விற்றோ ஈடு வைத்தோ அவளை நடுத்தெருவில் நிறுத்துவதையும் தடுக்க முடியும். கட்டளையை மீறினால் ஒரு வருடம் வரை சிறை, அல்லது 10,000 ரூபா வரை தண்டம், அல்லது இரண்டும்.

இதில் தலாக் என்ற சொல் எங்கே இருக்கிறது? பஸஹ் எங்கே இருக்கிறது? பாதுகாப்புக் கட்டளை பெற்ற மறுநாளும் அவர்கள் கணவனும் மனைவியுமே. அவன் சிறைக்கும் போகவில்லை. அவனுக்கு எதிராகக் குற்றத் தீர்ப்பும் இல்லை. கட்டளையை மதித்து நடந்தால் அவன் ஒரு நாள்கூடச் சிறை காண வேண்டியதில்லை. 'இனி அடிக்காதே' என்று ஊர்ப் பெரியவர்கள் வாயால் சொல்வதை ஒரு நீதவான் எழுத்தில் சொல்கிறார். மீறினால் என்ன நடக்கும் என்பதையும் சேர்த்துச் சொல்கிறார். இதைக் குடும்பத்தை உடைப்பது என்று சொல்பவர்கள், குடும்பத்தை உடைத்தது எந்தக் கை என்பதை மறந்துவிட்டுப் பேசுகிறார்கள்.

நமது ஊர்களில் நடக்கும் சமாதானம் எப்படிப்பட்டது என்பதை நான் அருகிலிருந்து பார்த்திருக்கிறேன். ஓர் ஆசிரியன் என்பதால் எழுத்து வேலைக்கு என்னைக் கூப்பிடுவார்கள். ஒரு முறை என் மாணவி ஒருத்தியின் தாய் வந்து நின்றாள். கணவன் பேசிய சீதனத்தில் மூன்று இலட்சம் பாக்கி என்கிறான். அவளுடைய மூத்த காக்கா கட்டாரில் இருந்து வேலை இழந்து வந்துவிட்டார், கொடுக்க வழியில்லை. பாக்கியைக் கேட்டு அடி. அவளது இடது கையில் கட்டுப் போட்டிருந்தது. சபையில் இருந்தவர்கள் ஒன்பது ஆண்கள். அவள் கதவோரம் நின்றாள்.

"மகள், சபுர் செய்ங்க. கோர்ட்டு, பொலிஸ் எண்டு போனா குடும்பம் சந்தி சிரிச்சிரும்" என்றார் ஒரு பெரியவர்.

"ஏழு வருஷம் சபுர் செஞ்சிட்டன் மாமா. இன்னும் எத்தின வருஷம் எண்டு சொல்லுங்க" என்றாள் அவள்.

அதற்கு எவரிடமும் பதில் இருக்கவில்லை. ஆனால் ஒரு மணித்தியாலத்துக்குள் ஓர் இணக்கம் தயாராகிவிட்டது. கணவன் இனிக் கைநீட்டுவதில்லை. மனைவி சொல் கேட்டு நடப்பாள். காக்கா மூன்று இலட்சத்தையும் இரண்டு தவணைகளில் கட்டித் தீர்ப்பார். அந்த மூன்றாவது வரியை எழுத நான் மறுத்தேன். வேறொருவர் எழுதினார். வாசகர்கள் ஒரு கணம் சிந்திக்க வேண்டும். அடித்துக் கேட்ட காசை, அடித்தவனுக்கு வாங்கிக் கொடுக்கச் சபை கையெழுத்து வைத்திருக்கிறது. கைமுறிவு அங்கே ஒரு கடன் வசூலாக மாறிவிட்டது. முதல் தவணை பிந்தியதும் அடி மறுபடி தொடங்கியது. அவள் தன் உம்மாவைக் கூட்டிக்கொண்டு பஸ் ஏறி நீதவான் நீதிமன்றத்துக்குப் போனாள். இடைக்காலக் கட்டளை கிடைத்தது. அன்றிலிருந்து அந்த வீட்டில் அடி இல்லை. அன்றிலிருந்துதான் ஊரில் அவளுக்கு அந்தப் பெயரும்.

யுத்த காலத்தை நாம் மறந்துவிடவில்லை. ஆயுதத்தைக் காட்டி வியாபாரிகளிடம் காசு கேட்டவர்களை நமது ஊர்கள் என்ன சொல்லி அழைத்தன? கப்பம் வாங்குகிறவர்கள் என்றுதானே? கொடுக்காவிட்டால் என்ன நடக்கும் என்று பயமுறுத்திக் காசு பறிப்பதற்குப் பெயர் கப்பம். அதையே மாப்பிள்ளை செய்தால் 'சீதனப் பாக்கி' என்று மரியாதையாகப் பேசுகிறோம். 2005 ஆம் ஆண்டுச் சட்டத்தில் சீதனம் என்ற சொல் இல்லை. அதே ஆண்டில் இந்தியாவில் நிறைவேறிய சட்டத்தில் சீதனம் கேட்டுத் துன்புறுத்துவது வெளிப்படையாகவே சொல்லப்பட்டிருக்கிறது. அங்கு சீதனத் தடைச் சட்டம் 1961 முதல் இருக்கிறது. இங்கு அப்படியொரு தடைச் சட்டம் இல்லை என்பது குறைதான். ஆனாலும் நமது சட்டம் வீட்டு வன்முறை என்று எண்ணும் குற்றங்களில், உடலுக்கு ஊறு செய்யும் குற்றங்களோடு, அச்சுறுத்திப் பறித்தலும் குற்றவியல் பயமுறுத்தலும் இருக்கின்றன. அதாவது கப்பம் இருக்கிறது. பாக்கியைக் கேட்டு அடிப்பவன் அந்தப் பட்டியலுக்குள் இரண்டு கால்களாலும் நடந்து வருகிறான். கணவனின் தாய், தந்தை, சகோதரர் ஆகியோருக்கு எதிராகவும் கட்டளை கேட்கலாம். மாமியின் நாவுக்கும் மச்சானின் கைக்கும் சட்டம் கண்ணை மூடிக்கொள்ளவில்லை.

கிழக்கில் வாழும் நாம் இன்னொன்றையும் யோசிக்க வேண்டும். வடக்கிலோ தெற்கிலோ அடிபட்ட பெண்ணின் முதல் கேள்வி 'வீட்டை விட்டு எங்கே போவது?' என்பதாக இருக்கலாம். எங்கள் கரையோர ஊர்களில் வீடு அவளுடையது. வாப்பாவும் காக்காமாரும் பாலைவனத்தில் உழைத்து, அரைக் கல் வீட்டை முழுக் கல் வீடாக்கி, மகளுக்கென்று உறுதி எழுதிக் கொடுத்திருக்கிறார்கள். அவன்தான் கையில் ஒரு பெட்டியோடு அந்த வீட்டுக்கு வந்தவன். இருந்தும் அடி விழுந்த இரவில் வீட்டை விட்டு வெளியேறுவது அவள்தான். பிள்ளைகளை இடுப்பில் தூக்கிக்கொண்டு உம்மாவின் குசினியில் போய்ப் படுக்கிறாள். அவளது வீட்டில், அவளது கட்டிலில், அடித்தவன் நிம்மதியாக உறங்குகிறான். இந்த அநியாயத்தின் நடுவில்தான் பாதுகாப்புக் கட்டளை வந்து நிற்கிறது. வெளியேற வேண்டியவன் அவன் என்று அது சொல்கிறது.

சீதனத் துன்புறுத்தல் காசோடு நிற்பதில்லை. உறுதியைத் தன் பெயருக்கு மாற்று என்கிறான். வங்கிக் கடனுக்கு வீட்டை ஈடு வை என்கிறான். நகையை அடகுக் கடைக்குக் கொண்டு போகிறான். 2004 சுனாமிக்குப் பிறகு கட்டிக் கொடுக்கப்பட்ட வீடுகளில் பல, 'குடும்பத் தலைவர்' என்ற காரணத்தால் ஆண்களின் பெயருக்கே எழுதப்பட்டன. கடல் கொண்டு போனது உம்மாவின் சீதன வீட்டை. திருப்பிக் கிடைத்ததோ வாப்பாவின் வீடு. அப்படிப்பட்ட வீட்டில் வாழும் பெண்ணுக்கு, குடியிருக்கும் வீட்டை விற்பதைத் தடுக்கும் அந்த ஏற்பாடு எவ்வளவு பெறுமதியானது என்பதை நான் விளக்க வேண்டியதில்லை.

'நமக்குக் காதி நீதிமன்றம் இருக்கிறதே, பிறகு ஏன் நீதவான் நீதிமன்றம்?' என்று கேட்பவர்கள் உண்டு. 1951 ஆம் ஆண்டின் முஸ்லிம் விவாக, விவாகரத்துச் சட்டம் காதிக்குக் கொடுத்திருக்கும் அதிகாரங்கள் விவாகரத்து, தாபரிப்பு, மஹர், கைக்கூலி போன்ற விடயங்களைப் பற்றியவை. இன்று இரவு அடிக்க வருகிறவனை வாசலில் நிறுத்தும் கட்டளையைக் காதியால் வழங்க முடியாது. அது நீதவானின் அதிகாரம். மேலும், அந்தச் சட்டப்படி காதி ஓர் ஆணாகவே இருக்க வேண்டும். காதி நீதிமன்றத்தில் சட்டத்தரணி தோன்ற முடியாது. ஆண்கள் நிறைந்த அறையில் அவள் தன் உடம்பின் காயங்களைத் தானே விபரிக்க வேண்டும். இச்சட்டத்தைத் திருத்துவது பற்றி ஆராய 2009 இல் அமைக்கப்பட்ட குழு தனது அறிக்கையை 2018 இல்தான் கையளித்தது. பெரியவர்கள் ஒன்பது வருடம் ஆராயலாம். அடிபடுகிறவள் ஒன்பது வருடம் காத்திருக்க வேண்டுமா? காதி நீதிமன்றத்துக்குப் போவதும் நீதவானிடம் போவதும் ஒன்றையொன்று தடுப்பவை அல்ல. இரண்டு கதவுகளையும் அவள் தட்டலாம்.

அதே 1951 ஆம் ஆண்டுச் சட்டத்தில் நாம் வசதியாக வாசிக்காமல் விட்ட ஒரு பகுதி இருக்கிறது. கைக்கூலி என்பதற்கு அது தரும் வரைவிலக்கணம், மணமகளின் உபயோகத்துக்காக மணமகனிடம் கொடுக்கப்படும், அல்லது கொடுப்பதாக வாக்களிக்கப்படும், பணமும் அசையும் பொருளும் என்பதாகும். மணமகளின் உபயோகத்துக்காக! அவன் கையில் இருப்பது அவளுடைய காசு. அதை அவள் காதியிடம் வழக்குப் பேசித் திருப்பிக் கேட்கலாம். நமது ஊர்களில் அந்தக் காசு மாப்பிள்ளையின் மோட்டார் சைக்கிளாகிறது, அவனது தங்கையின் சீதனமாகிறது, கடைக்கு முதலாகிறது. பிறகு அதில் பாக்கி என்று சொல்லி, உண்மையான சொந்தக்காரியையே அடிக்கிறான். ஒருவனுடைய கடையில் பொருளை வாங்கி, காசும் கொடுக்காமல், முதலாளியையும் அடித்தால் ஊர் சும்மா இருக்குமா?

மார்க்கத்தின் பெயரால் பேசுகிறவர்களுக்கும் பதில் சொல்ல வேண்டும். கணவன் மனைவிக்குக் கொடுக்க வேண்டிய மஹரைப் பற்றி அல்குர்ஆன் பேசுகிறது. மனைவி வீட்டார் கணவனுக்குக் கொடுப்பதைப் பற்றி அது எங்கும் பேசவில்லை. நாமோ மஹரை ஆயிரத்தொரு ரூபா என்று பதிவில் எழுதிவிட்டு, இலட்சங்களை எதிர்த் திசையில் ஓட விட்டிருக்கிறோம். ஆற்றைத் திருப்பி மலைக்கு ஏற்றியவர்கள், 'கோர்ட்டுக்குப் போவது மார்க்கமா?' என்று ஒரு பெண்ணிடம் கேட்பதுதான் விந்தை.

வீட்டு விடயத்தை வெளியே கொண்டு போகக் கூடாது என்கிறார்கள். அல்குர்ஆனின் 58 ஆவது அத்தியாயத்தின் பெயர் அல்முஜாதலா. தன் கணவனின் செயலைப் பற்றி நபிகள் (ஸல்) அவர்களிடம் வந்து வாதாடிய ஒரு பெண்ணின் முறைப்பாட்டோடுதான் அது தொடங்குகிறது. கௌலா பின்த் தஃலபா (ரலி) என்ற அந்தப் பெண்மணிக்குக் கிடைத்த பதில், 'வீட்டுக்குப் போய் வாயை மூடிக்கொண்டிரு' என்பதல்ல. அவருடைய முறைப்பாடு கேட்கப்பட்டது. அவருடைய வாதம் ஓர் அத்தியாயத்தின் பெயராகவே நிலைத்துவிட்டது. ஹபீபா பின்த் ஸஹ்ல் (ரலி) அவர்களைக் கணவர் அடித்து ஊறு செய்தபோது, அவர் ஸுப்ஹுத் தொழுகைக்குப் பின் நபிகள் (ஸல்) அவர்களிடம் வந்து முறையிட்டதாக அபூதாவூதின் ஹதீஸ் தொகுப்பில் வருகிறது. விடியும் வரைதான் அவர் பொறுத்திருந்தார். ஏழு வருடம் பொறுக்கும்படி அவரிடம் எவரும் சொல்லவில்லை.

இணக்கம் செய்துவைப்பது குர்ஆனிய வழி என்பதை நான் மறுக்கவில்லை. ஆனால் அந்நிஸா அத்தியாயம் சொல்லும் இணக்கத்தில் கணவனின் குடும்பத்திலிருந்து ஒருவரும் மனைவியின் குடும்பத்திலிருந்து ஒருவரும் அமர வேண்டும். நமது சபைகளில் அவளுடைய ஆள் யார்? கடன்பட்டுத் தலைகுனிந்து நிற்கும் காக்காவா? முறிந்த கையோடு கதவோரத்தில் நிற்பவளின் பக்கம் பேச ஒருவரும் இல்லாத கூட்டத்தை, அந்த வசனத்தின் பெயரால் அழைப்பது எப்படிப் பொருந்தும்?

இனி, மிகவும் வலுவாகச் சொல்லப்படும் ஆட்சேபத்துக்கு வருகிறேன். 'காலம் சரியில்லை மாஸ்டர்' என்று என்னிடம் சொன்னவர்கள் பலர். 2014 இல் அளுத்கமை, 2018 இல் திகன, 2019 உயிர்த்த ஞாயிறுக்குப் பின் நடந்தவை, 2021 இல் 'ஒரே நாடு, ஒரே சட்டம்' என்று ஒரு செயலணி. நமது பெண்கள் நம்மால் அடிபடுகிறார்கள் என்று நாமே உலகுக்குச் சொல்லி, எதிரியின் கையில் ஆயுதம் கொடுக்கலாமா என்கிறார்கள். இந்தப் பயத்தை நான் இலேசாக எடுக்கவில்லை. அதே பயத்தோடுதான் நானும் இந்த நாட்டில் வாழ்கிறேன்.

ஆனால் பாருங்கள். 2020 இல் நமது ஜனாஸாக்கள் எரிக்கப்பட்டபோது நாம் என்ன செய்தோம்? உயர் நீதிமன்றம் ஏறினோம். அந்த ஆண்டு டிசம்பரில் மனுக்கள் விசாரணைக்கே எடுக்கப்படாமல் நிராகரிக்கப்பட்டன. ஆனாலும் ஓயவில்லை, 2021 பெப்ரவரியில் அடக்குவதற்கு அனுமதி வந்தது, ஓட்டமாவடி மண் நமது மையித்துகளை ஏற்றுக்கொண்டது. அப்போது நாம் நீதிமன்றம் ஏறியதை மானக்கேடு என்று ஒருவரும் சொல்லவில்லை. அதை உரிமைப் போராட்டம் என்றோம். அப்படித்தான் சொல்லவும் வேண்டும். காணிப் பிணக்குக்கு நீதிமன்றம் ஏறுகிறோம். பள்ளிவாசல் நிர்வாகப் பிணக்குக்கும் ஏறுகிறோம். மரணித்த உடலின் கண்ணியத்துக்காகச் சமூகம் நீதிமன்றம் ஏறினால் அது உரிமை. உயிரோடிருக்கும் உடலின் கண்ணியத்துக்காக ஒரு பெண் ஏறினால் அது மானக்கேடா? இந்தக் கேள்விக்கு நேர்மையான பதில் ஒன்றை நான் இதுவரை கேட்டதில்லை.

அத்தோடு, வீட்டு வன்முறைச் சட்டம் முஸ்லிம்களுக்கு எதிராக எவரும் கொண்டுவந்த சட்டமல்ல. குடிசனமதிப்பு, புள்ளிவிபரத் திணைக்களம் 2019 இல் நடத்திய நாடளாவிய பெண்கள் நல ஆய்வின்படி, கணவனுடனோ துணையுடனோ வாழ்ந்த பெண்களில் ஐந்தில் ஒருவர், அதாவது நூற்றுக்கு 20.4 பேர், தமது வாழ்நாளில் அவர்களால் உடல்ரீதியான அல்லது பாலியல்ரீதியான வன்முறைக்கு ஆளாகியிருக்கிறார்கள். இதில் சிங்களவர், தமிழர், முஸ்லிம் எல்லோரும் அடக்கம். நாட்டுக்கே உள்ள நோயில் நமக்கும் பங்கிருக்கிறது என்பது எந்த எதிரிக்கும் புதிய செய்தியல்ல. நோயாளியை வீட்டுக்குள் பூட்டி வைத்து, எங்களுக்கு நோயே இல்லை என்று சொல்வதுதான் சந்தி சிரிக்கும் வேலை.

பொய் வழக்குப் போடும் பெண்கள் இல்லையா என்றும் கேட்பார்கள். பொய் சொல்லும் மனிதர்கள் எல்லா வழக்கிலும் இருக்கிறார்கள். அதைக் கண்டறியத்தான் விசாரணை. எதிர்த் தரப்பின் பேச்சைக் கேட்கத்தான் 14 நாட்களுக்குள் திகதி. பொய்க் காசோலை கொடுப்பவர்கள் இருக்கிறார்கள் என்பதற்காக நாம் வங்கிகளை மூடச் சொல்வதில்லை.

சட்டம் போதுமானது என்று நான் சொல்லவில்லை. 12 மாதக் கட்டளை ஓர் ஆயுட்காலத் தீர்வல்ல. பொலிஸ் நிலையத்தில் 'சமாதானமாகப் போங்கோ' என்று திருப்பி அனுப்பப்பட்ட பெண்களை நான் அறிவேன். மனரீதியான துன்புறுத்தலுக்கும் கட்டளை பெறலாம் என்று சட்டம் சொன்னாலும், அது பாரதூரமானதாகவும் தொடர்ச்சியானதாகவும் இருக்க வேண்டும் என்ற நிபந்தனை, தினம் தினம் சொல்லால் குத்தப்படும் பெண்ணை வாசலிலேயே தயங்க வைக்கிறது. நகரத்து நீதிமன்றத்துக்குப் போய்வர ஒரு நாள் கூலியும் பஸ் காசும் வேண்டும். இத்தனை தடைகளையும் தாண்டி ஒருத்தி போகிறாள் என்றால், கடைசித் தடையாக நாம் நிற்கக் கூடாது.

ஆகவே எழுத்தாளர்களாகிய நாம் என்ன செய்யப் போகிறோம்? நமது வகுப்பறைகளில் 'என் குடும்பம்' என்ற தலைப்பில் பிள்ளைகளைக் கட்டுரை எழுத வைக்கிறோம். எத்தனையோ கொப்பிகளை நான் திருத்தியிருக்கிறேன். 'வாப்பா ஏசும்போது நானும் தம்பியும் கட்டிலுக்குக் கீழே இருப்போம்' என்று ஓர் ஐந்தாம் ஆண்டுப் பிள்ளை பிழையில்லாத தமிழில் எழுதியிருந்தது. நாம் எழுதத் தயங்கியதைப் பத்து வயதுப் பிள்ளை எழுதிவிட்டது. அந்தக் கொப்பியில் சரி போட்டுக் கொடுத்துவிட்டு, சீதனம் பழைய சரக்கு என்று இலக்கியம் பேச என்னால் முடியாது.

கதை எழுதுகிறவர்கள் நிக்காஹ்வுக்குப் பிறகு வரும் ஏழாவது வருடத்திலிருந்து தொடங்கட்டும். அவள் பஸ் ஏறுவதை எழுதட்டும். நீதிமன்ற வளவில் வேப்ப மர நிழலில் பேரைக் கூப்பிடும் வரை காத்திருப்பதை எழுதட்டும். கட்டளையைக் கையில் வாங்கி முந்தானையில் முடிந்துகொள்வதை எழுதட்டும். கத்தீப்மார் ஒரு ஜும்ஆவில் கைக்கூலி யாருடைய காசு என்று சொல்லட்டும். ஆசிரியர்களுக்கு இன்னும் நேரடியான கடமை இருக்கிறது. விண்ணப்பத்தோடு, நடந்ததை அறிந்தவர்களின் சத்தியக் கடதாசியையும் சேர்க்கலாம். பிள்ளையின் நிலையை நாள்தோறும் பார்க்கிற நம்மை விட அறிந்தவர் யார்? கேட்டால் கையெழுத்திடுவோம். பள்ளிவாசல் அறிவித்தற் பலகையில் தொழுகை நேரத்தோடு பெண்களுக்கான 1938 என்ற உதவி இலக்கத்தையும் எழுதிவைப்போம். காசில்லாதவளுக்கு 1978 முதல் சட்ட உதவி ஆணைக்குழு இருக்கிறது என்பதை அவளுக்குச் சொல்லிக் கொடுப்போம். இவற்றில் எதற்கும் பெரிய செலவில்லை.

அதன் பிறகும் இணக்க சபைகள் கூடட்டும், வேண்டாமென்று நான் சொல்லவில்லை. ஆனால் அங்கே முதலில் எழுதப்பட வேண்டிய வரி ஒன்று இருக்கிறது: அடி நிற்கும் வரை பாக்கி பற்றிய பேச்சே இல்லை. அந்த வரியை எழுதத் துணியாத சபைக்கு, நீதிமன்றப் படியில் கால் வைத்த ஒரு பெண்ணைப் பார்த்து மானம் பற்றிப் பேச எந்த அருகதையும் கிடையாது.